பிரெஞ்சுச் சீமான் ஒருவரின் கதையைத் தோட்டத்து வாசகசாலையில் சொல்வது எப்படி

இலங்கை மலையகத்தில், ஹட்டன் பக்கம் எங்கள் தேயிலைத் தோட்டத்து வாசகசாலையில் ஒரு பழக்கம் உண்டு. மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் யாராவது ஒருவர் எழுந்து நின்று, யாரோ ஒருவருடைய வாழ்க்கையை ஒரு மணி நேரத்தில் சொல்ல வேண்டும். காந்தி, பாரதி, விபுலானந்தர், நடேசய்யர், மீனாட்சியம்மாள் என்று தெரிந்தவர்கள் எல்லாம் ஒரு சுற்று முடிந்துவிட்டார்கள். என் முறை வந்தபோது நான் எடுத்தது செவாலியே தெயோன். 18ஆம் நூற்றாண்டுப் பிரெஞ்சுச் சீமான், ராஜதந்திரி, குதிரைப்படைக் கப்டன், ஒற்றர், வாள்வீரர், அப்புறம் வாழ்க்கையின் கடைசி 33 வருடங்களை ஊரறியப் பெண்ணாக வாழ்ந்தவர். இப்படி ஒரு கதை கையில் இருந்தும் முதல் தடவை கோட்டை விட்டேன். பத்து நிமிடத்தில் பின்வாங்கில் இருந்த பொடியன்கள் மட்டையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டார்கள். இரண்டாம் தடவை தலவாக்கலைப் பக்கம் வேறொரு தோட்டத்தில் அதே கதையைச் சொன்னேன், மழை விட்ட பிறகும் ஒருவரும் எழும்பவில்லை. நடுவில் என்ன மாற்றினேன் என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன். தமிழ்த் தினப் போட்டிக்குப் பேச்சு எழுதிக் கொடுக்கிற வாத்தியார்மாருக்கும் உதவலாம்.

முதல் பிழை, பிறப்பிலிருந்து ஆரம்பித்தது. தெயோனுடைய முழுப்பெயர் ஷார்ல் ழெனவியேவ் லூயி ஓகுஸ்த் ஆந்த்ரே திமோதே தெயோன் தெ பொமோன். இதை மூச்சுவிடாமல் சொல்லிக் கைதட்டு வாங்கலாம் என்று நினைத்தேன். ஒருவரும் தட்டவில்லை. பெயரைச் சொல்லத்தான் வேண்டும், ஆனால் காரணத்தோடு சொல்லுங்கள். அந்த நீளப் பெயருக்குள் ழெனவியேவ் என்று ஒரு பெண் பெயர் இருக்கிறது. ஞானஸ்நானப் பதிவில் 'மகன்' என்றே எழுதியிருக்கிறார்கள். அதைச் சொல்லிவிட்டு ஒரு நிமிடம் நிறுத்தினால் போதும், கூட்டம் உங்கள் பக்கம் திரும்பிவிடும்.

ஏன் திரும்பும் என்று எனக்குத் தெரியும். நான் டவுனில் போட்டோகொப்பிக் கடை வைத்திருப்பவன். ஒரு நாளைக்கு எத்தனை பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் என் கண்ணாடித் தட்டில் கவிழ்ந்து படுக்கிறது தெரியுமா? அதில் பாதியில் பெயர் பிழை. அப்பா பெயர் ஒரு மாதிரி, அடையாள அட்டையில் வேறு மாதிரி, பள்ளிக்கூடத்தில் மூன்றாவது மாதிரி. யாரோ ஒரு கிளாக்கர் ஐம்பது வருடத்துக்கு முன் காதில் விழுந்ததை எழுதிவிட்டுப் போய்விட்டார், இன்றைக்கும் பிள்ளைகள் அதற்காக அரசாங்கக் கச்சேரிக்கும் கடைக்கும் அலைகிறார்கள். இப்படிப்பட்ட கூட்டத்திடம் ஒரு சீமானுடைய மாளிகையையும் பட்டு உடுப்பையும் வர்ணித்துப் பிரயோசனமில்லை. காகிதத்தைக் காட்டுங்கள். தெயோனுடைய வாழ்க்கையே நாலைந்து காகிதங்களில் அடங்கும், அவற்றை வரிசையாகப் பிடித்துக்கொண்டு போனால் கதை தானாக நடக்கும். இதுதான் இரண்டாம் தடவை நான் செய்த ஒரே பெரிய மாற்றம்.

அதற்கு முன் சில சில்லறை ஆயத்தங்கள்.

உச்சரிப்பு. பிரெஞ்சுப் பெயர்களை ஆங்கில எழுத்தைப் பார்த்து வாசித்தால் அவமானம்தான். ஒற்றர் வலைக்குத் தலைமை தாங்கிய பிரபுவின் பெயரை நான் 'ப்ரோக்ளி' என்று சொல்லிவைத்தேன், அது 'ப்ரொய்'. போனில் உச்சரிப்பைக் கேட்டு, தமிழில் எழுதி, அந்தத் தாளையே கையில் வைத்துக்கொள்ளுங்கள். 'செவாலியே' என்ற சொல்லுக்கு மட்டும் விளக்கம் தேடி அலைய வேண்டாம். செவாலியே சிவாஜி கணேசன் என்றால் எங்கள் ஆச்சிமாருக்கும் தெரியும். அது கலைக்காகக் கிடைத்தது, தெயோனுக்கு 1763இல் அரச சேவைக்காக சான் லூயி விருதோடு வந்தது. இரண்டும் ஒன்றல்ல, ஆனால் சொல் ஒன்று. பழைய பொருள் குதிரை வீரன்.

காலம். கரும்பலகையில் நடுவில் ஒரு கோடு போட்டு, இடப்பக்கம் அவருடைய வருடங்கள், வலப்பக்கம் நம்முடையவை. தெயோன் பிறந்தது 1728 அக்டோபர் 5, பர்கண்டியில் தொன்னேர் என்ற சிற்றூரில். அவர் ராஜதந்திரியாக ஓடியாடித் திரிந்த காலம் முழுக்கக் கண்டியில் கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கன் ஆட்சி (1747–1782). புதுச்சேரியில் ஆனந்தரங்கப்பிள்ளை தமிழில் தினசரி நாட்குறிப்பு எழுதிக்கொண்டிருந்ததும் அதே காலம். பிள்ளை கண்ணை மூடிய 1761 ஜனவரியிலேயே புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போனது. அதைத் திருப்பிப் பிரான்சுக்குக் கொடுத்தது 1763 பெப்ரவரி 10 பாரிஸ் உடன்படிக்கை, அந்த உடன்படிக்கைப் பேச்சுவார்த்தைக்காக லண்டன் போன நிவெர்னே பிரபுவின் செயலாளர் நம்முடைய தெயோன். இந்த ஒரு முடிச்சைப் போட்டுவிட்டால் 'எங்கோ இருந்த ஆள்' என்ற தூரம் குறைந்துவிடும். தெயோன் செத்து ஐந்து வருடத்தில் கண்டி விழுந்தது. வலப்பக்கம் கடைசியாக 1867 என்று எழுதி, ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தேயிலை போட்ட வருடம் என்று சொல்லுங்கள். தெயோன் காலத்தில் இந்த மலையில் தேயிலையும் இல்லை, கோப்பித் தோட்டமும் இல்லை, நாமும் இல்லை. இதைச் சொன்னதும் எல்லோரும் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்கள்.

அப்புறம் முக்கியமான விஷயம், 'அவர்'. தெயோனைப் பற்றி எழுதுகிற பிரெஞ்சுக்காரருக்கும் ஆங்கிலேயருக்கும் ஒவ்வொரு வசனத்திலும் தலையிடி, ஆணாகச் சொல்வதா பெண்ணாகச் சொல்வதா என்று. நமக்கு அந்தக் கஷ்டம் கிடையாது. 'அவர் வந்தார், அவர் போனார்' என்று தொன்னேரிலிருந்து கல்லறை வரை போய்விடலாம். லயத்துப் பேச்சில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளின் பேச்சில், 'அவுங்க' என்றால் இன்னும் சுகம். ஆனால் கவனம், 'அந்த ஆளு', 'மனுசன்' என்று பேச்சுவாக்கில் வந்துவிடும், எனக்கு இரண்டு தடவை வந்தது. ஒரு பக்கம் எழுதிப் பார்த்துப் பழகுங்கள்.

இன்னொரு சொல்லையும் விட்டுவிடுங்கள்: வேஷம். முதல் தடவை நான் பெரிய கெட்டிக்காரன் மாதிரி, மாசியில் காமன் கூத்துக்கு ரதியாக ஆம்பளை நிற்பதில்லையா, அதுபோலத்தான் என்று சொன்னேன். ஒரு பழைய கூத்து வாத்தியார் முன்வரிசையில் இருந்தார். "வேஷம்னா விடிஞ்சா கலைக்கணும் தம்பி. இவுங்க கலைக்கலையே" என்றார். அதற்குப் பிறகு நான் அந்த ஒப்பீட்டைச் சொல்வதில்லை, வாத்தியாருடைய பதிலைத்தான் சொல்கிறேன்.

சரி, கதை. ஆரம்பம் 1763, லண்டன். உடன்படிக்கை முடிந்து நிவெர்னே பிரபு நாடு திரும்பிவிட்டார், புதிய தூதுவர் வரும்வரை தெயோனே பிரான்சின் முழு அதிகாரம் பெற்ற அமைச்சர். 34 வயது. விருந்து, வைன், வேலைக்காரர் என்று அரசாங்கக் கணக்கில் தாராளமாகச் செலவு செய்கிறார். அக்டோபரில் கேர்ஷி பிரபு தூதுவராக வந்து இறங்கியதும் தெயோன் பழையபடி செயலாளராக இறங்க வேண்டும். இதை எங்கள் ஆட்களுக்கு விளக்கவே வேண்டியதில்லை. பெரிய துரை சீமைக்குப் போன நேரம் அக்டிங் துரையாக பங்களாவில் இருந்தவரைத் திரும்பவும் ஆபிஸ் ஸ்டூலுக்குப் போ என்றால் எப்படி இருக்கும்? தெயோன் போக மாட்டேன் என்றார். திரும்பி வா என்று ராஜாவின் வெர்சாய் அரண்மனையிலிருந்து கட்டளை வந்தது, அதற்கும் மாட்டேன் என்றார். தூதரக விருந்தில் தன் வைனில் அபின் கலந்துவிட்டார்கள் என்று கேர்ஷிமேல் குற்றமும் சாட்டினார்.

இந்த இடத்தில் நிறுத்தி, "ராஜா கூப்பிட்டும் போகாமல் இருக்க ஒருவருக்கு எங்கிருந்து தைரியம் வரும்?" என்று கேளுங்கள். எங்கள் கூட்டத்தில் ஒரு பெண்பிள்ளை உடனே சொன்னாள்: "அவுங்ககிட்ட ஏதோ எழுத்து இருக்கு." அவ்வளவுதான், பாதிக் கதையை அவளே சொல்லிவிட்டாள்.

எழுத்து இருந்தது. பதினைந்தாம் லூயி தன் வெளியுறவு அமைச்சர்களுக்கே தெரியாமல் ஒரு தனி ஒற்றர் வலை நடத்தினார், பெயர் 'ராஜ ரகசியம்'. தெயோன் 1756 முதல் அதில் ஆள், ரஷ்யாவுக்குப் போனதும் அதற்காகத்தான். ஒரே ஆளுக்கு இரண்டு துரை, ஒரு துரைக்கு மற்றவர் விஷயம் தெரியாது. 1763 ஜூனில், சமாதானக் கையெழுத்தின் மை காய்ந்து நாலு மாதத்தில், இங்கிலாந்துமேல் படையெடுக்கக் கரையோரத்தை இரகசியமாக அளக்கும் வேலைக்கு உதவும்படி ராஜாவே தெயோனுக்கு எழுதினார். அந்தக் கடிதம் தெயோன் வீட்டில் இருக்கிறது. ஆங்கிலேயர் கையில் சிக்கினால் இன்னொரு போர். கேர்ஷி, வெளியுறவு அமைச்சர் பிராலென் யாருக்கும் இது தெரியாது, ராஜாவுக்குத் தெரியும், தெயோனுக்குத் தெரியும்.

1764 மார்ச்சில் தெயோன் தூதரகத்தின் கடிதங்களை ஒரு தடித்த புத்தகமாக அச்சிட்டு லண்டனில் வெளியிட்டார். ஐரோப்பாவே வாயைப் பிளந்தது. ஆனால் படையெடுப்புக் கடிதம் அதில் இல்லை! இந்த இடத்தை அவசரப்படாமல் சொல்லுங்கள், கதையின் மூளை இங்கேதான் இருக்கிறது. அச்சிட்டது மிரட்டல் இல்லை, அச்சிடாமல் வைத்ததுதான் மிரட்டல். அந்தப் புத்தகத்துக்காகப் போட்ட அவதூறு வழக்கில் தெயோன் ஆஜராகவில்லை, சட்டத்துக்குப் புறம்பானவர் என்று அறிவித்தார்கள். மறுவருடம் கேர்ஷிமேலேயே கொலைமுயற்சிக் குற்றப்பத்திரம் வந்தது, பின்னால் அதை அரசாங்கம் அமுக்கிவிட்டது. கடைசியில் 1766இல் ராஜா வருடத்துக்கு 12,000 லீவ்ர் (அன்றைய பிரெஞ்சுக் காசு) உதவித்தொகை கொடுத்தார். ஒளிந்து திரிய வேண்டியவருக்குப் பென்சன்.

ரஷ்யக் கதையைப் பற்றி ஓர் எச்சரிக்கை. தெயோன் இளம்பெண்ணாக உடுத்து, எலிசபெத் பேரரசியின் அரண்மனையில் வாசகியாக நுழைந்து உளவு பார்த்தார் என்று இணையத்தில் எங்கு தேடினாலும் வரும். சொல்ல ஆசையாக இருக்கும், எனக்கும் இருந்தது. அதற்கு நம்பகமான ஆதாரம் இல்லை. 1836இல் தெயோனின் நினைவுக் குறிப்புகள் என்று ஒரு நூல் வந்தது, அதில் நிறையக் கற்பனை என்று எழுதியவரே பிற்பாடு ஒப்புக்கொண்டார். அந்த மாதிரி நூல்களில் வளர்ந்த கதை இது. 'இப்படி ஒரு கதையும் உண்டு' என்று ஒரே வசனத்தில் சொல்லிவிட்டுத் தாண்டுங்கள். பழைய பிரெஞ்சு நூல்களின் மூலப் பக்கங்களைப் பார்க்க ஆசையிருந்தால் பிரான்சின் தேசிய நூலகத்துக் காலிக்கா தளத்தில் இலவசமாகப் பார்க்கலாம், டேட்டா மட்டும் பார்த்து, படங்கள் நிறையக் குடிக்கும்.

1770களில் லண்டன் பங்குச் சந்தையில் தெயோன் ஆணா பெண்ணா என்று பந்தயம் ஓடியது. ஆயிரக்கணக்கான பவுண். தெயோன் வாய் திறக்கவில்லை. 1774இல் பதினைந்தாம் லூயி செத்தார், புதிய ராஜா ஒற்றர் வலையைக் கலைத்தார், ஆனால் காகிதங்கள் லண்டனில்தானே கிடக்கின்றன? அதை மீட்க அனுப்பப்பட்டவர் நாடக ஆசிரியர் பொமார்ஷே. 1775 கடைசியில் இரண்டு பேரும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்து வைத்தார்கள். காகிதங்களைக் கொடுத்துவிட வேண்டும். கடன் தீர்க்கவும் உதவித்தொகைக்கும் பணம் உண்டு. தெயோன் பெண் என்று ஏற்கப்படுவார், இனிப் பெண் உடை உடுத்த வேண்டும். சான் லூயி சிலுவையை மட்டும் அந்த உடைமேல் குத்திக்கொள்ளலாம். தெயோன் தரப்பில் சொன்ன காரணம்: பெண்ணாகத்தான் பிறந்தேன், சொத்துக்கு ஆண் வாரிசு வேண்டும் என்று அப்பா பையனாக வளர்த்தார்.

நான் இந்தக் காகிதத்தில்தான் அதிக நேரம் நிற்பேன், கால் மணி நேரம் போனாலும் பரவாயில்லை. இரண்டு பேர் மேசையில் உட்கார்ந்து, அதில் ஒருவர் யார் என்று எழுதிக் கையெழுத்து வைக்கிறார்கள். நம் கூட்டத்துக்கு இது புதுசா? 1948இல் ஒரு சட்டம் எழுதினார்கள், அதுவரை இந்த மண்ணில் கொழுந்து பறித்தவர்கள் நாடற்றவர்கள் ஆனார்கள். 1964 அக்டோபரில் ஸ்ரீமா–சாஸ்திரி ஒப்பந்தம், 5,25,000 பேர் அங்கே, 3,00,000 பேர் இங்கே, மிச்சம் 1,50,000 பேருக்குப் பிறகு பார்க்கலாம். ஒரே லயத்துக் காம்பராவில் அண்ணன் இந்தியா, தம்பி இலங்கை. இதை நீங்கள் நீட்டி விளக்க வேண்டாம், 'ஒப்பந்தம்' என்ற சொல்லைக் கொஞ்சம் அழுத்திச் சொன்னாலே போதும், பெரியவர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். ஒரு வித்தியாசத்தை மட்டும் மறைக்காதீர்கள். தெயோன் பேரம் பேசினார், பேரம் பேச அவரிடம் ராஜாவின் கடிதம் இருந்தது. நம்மிடம் அப்படி ஒன்றும் இருக்கவில்லை.

1777 ஜூலையில் லண்டன் நீதிமன்றம் பந்தய வழக்கு ஒன்றில் தெயோன் பெண் என்று வைத்துத் தீர்ப்பளித்தது, பார்த்தவர்கள் என்று இரண்டு சாட்சி வந்து சொன்னார்கள். மறுவருடம், மூன்றாம் ஆளைப் பற்றி இப்படிப் பந்தயம் கட்டுவதே செல்லாது என்று அதே நீதிமன்றம் சொல்லிவிட்டது. கட்டியவர்களுக்குப் போன பணம் போனதுதான். தெயோன் பிரான்சுக்குத் திரும்பினார், போனது குதிரைப்படை உடுப்பில். உடனே மாற்று என்று ராஜ கட்டளை. ராணியின் தையல்காரி ரோஸ் பெர்த்தென் உடுப்புத் தைத்துக் கொடுக்க, அந்த நவம்பரில் வெர்சாயில் பெண்ணாக அரசவை கண்டார். அமெரிக்கப் போருக்குப் போகிறேன், பழைய உடுப்பைத் தாருங்கள் என்று கேட்டு அடம்பிடித்தபோது 1779இல் தீஜோன் கோட்டையில் சில நாள் அடைத்து வைத்தார்கள். காகிதத்தைக் கொடுத்தாயிற்று அல்லவா, இனி யார் பயப்படுவார்கள்?

இவ்வளவு காகிதம் கேட்ட பிள்ளைகளுக்கு இப்போது கொஞ்சம் சண்டை வேண்டும். 1785இல் தெயோன் லண்டனுக்குத் திரும்பி, உதவித்தொகை பிரெஞ்சுப் புரட்சியோடு நின்றுபோனபின் வாள் விளையாட்டுக் காட்டிச் சம்பாதித்தார். அதற்கு முன்பே, 1787 ஏப்ரல் 9இல் இளவரசர் முன்னிலையில் நடந்த மோதல்தான் பெயர்போனது. எதிராளி செவாலியே சான் ஜோர்ஜ், குவாதலூப் தீவில் தோட்ட முதலாளிக்கும் அடிமைப் பெண்ணுக்கும் பிறந்து, பாரிஸில் வாள்வீரராகவும் இசையமைப்பாளராகவும் உயர்ந்தவர். தெயோனுக்கு 58 வயது, கறுப்புப் பாவாடை, நெஞ்சில் சிலுவை. அந்தக் காட்சியை ஓவியமாகத் தீட்டியிருக்கிறார்கள், அதை ஏ3 தாளில் எடுத்துச் சுவரில் ஒட்டுங்கள். பிறகு இரண்டு பேரை முன்னால் கூப்பிட்டு, ஆளுக்கொரு மட்டக் கம்பு கொடுங்கள். கொழுந்து மட்டம் பார்க்கிற கம்புதான், வாளுக்கு அளவாக இருக்கும். சேலை கட்டிய அக்கா ஒருவரையும் கால்சட்டைப் பொடியன் ஒருவனையும் நிறுத்தினால் இன்னும் நல்லது. நுனியால் தொட்டால் ஒரு புள்ளி, அடிக்கக்கூடாது என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். தலவாக்கலையில் அக்கா ஜெயித்தார், பொடியன் இன்னமும் ஒத்துக்கொள்ளவில்லை.

கடைசிக் காலத்தை நீட்டாதீர்கள். 1796இல் சௌதாம்ப்டனில் உடைந்த வாள் குத்திக் காயம், அதோடு விளையாட்டு முடிந்தது. நகை, வாள், புத்தகம் எல்லாம் விற்பனைக்குப் போயின. 1804இல் கடனுக்காகச் சிறை. திருமதி கோல் என்ற விதவையோடு ஒரே வீட்டில் ஒதுங்கி வாழ்ந்து, 1810 மே 21இல், 81 வயதில் செத்தார். உடலைக் கழுவ உடுப்பைக் கழற்றியபோது கூடவே வாழ்ந்த கோல் அம்மாவே திகைத்துப்போனார். மருத்துவர் சாட்சிகளோடு பரிசோதித்து, ஆணுடல் என்று எழுதிக் கையெழுத்து வைத்தார். அதுதான் கடைசிக் காகிதம்.

இங்கே சிரிப்பு வரும், தயாராக இருங்கள். சிரிப்பவனைத் திட்டாமல், "மூன்று தரம் மூன்று பேர் எழுதினார்கள். அவர் தன்னைப் பற்றி எழுதியது எந்தக் காகிதத்தில்?" என்று கேளுங்கள். 'அப்ப அவுங்க திருநங்கையா சேர்?' என்ற கேள்வியும் நிச்சயம் வரும். அந்தக் காலத்தில் அப்படி ஒரு சொல் இருக்கவில்லை, இன்றைக்குப் பிரித்தானியாவில் திருநங்கைகளுக்கு உதவும் ஒரு சங்கம் தெயோனின் பொமோன் என்ற பெயரை வைத்திருக்கிறது என்று இரண்டையும் சொல்லிவிடுங்கள். தீர்ப்புச் சொல்கிற வேலை நமக்கு வேண்டாம், அதற்கு ஏற்கெனவே நிறையப் பேர் இருந்தார்கள்.

கேள்வி நேரத்துக்குக் கால் மணியாவது ஒதுக்குங்கள், பிளேன்டீயை அப்போது கொண்டுவரச் சொல்லுங்கள், முன்னாலேயே வந்தால் கோப்பைச் சத்தத்தில் கதை போய்விடும். தலவாக்கலையில் கடைசிக் கேள்வி கேட்டது எழுபது தாண்டிய ஓர் அம்மாயி. ஆணா பெண்ணா என்றெல்லாம் கேட்கவில்லை. "அந்தக் கடுதாசியெல்லாம் இப்ப யாரு கையில இருக்கு?" என்றார். தெயோனுடைய சொந்தத் தாள்கள் நிறைய இங்கிலாந்தில் லீட்ஸ் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன என்றேன். தலையை ஆட்டிக்கொண்டார். அடுத்த கிழமை பஸ் ஏறி என் கடைக்கு வந்து, பிளாஸ்டிக் பைக்குள் பை, அதற்குள் துணி, துணிக்குள்ளிருந்து மடிப்பு நைந்த பிரஜாவுரிமைத் தாள் ஒன்றை எடுத்து வைத்து, "இதுல நாலு கொப்பி, நல்லா தெரியிற மாதிரி" என்றார்.